பிச்சாவரத்தில் அரை நாள்: விவரம் சொல்லிக் கூட்டிப்போகும் படகுக்காரர் வேண்டும்

வணக்கம். கடலூர் முதுநகரில் இருக்கிறோம். அம்மாவுக்கு 71 வயது. சிதம்பரத்தின் தல மரமான தில்லையைப் பிச்சாவரத்தின் அலையாத்திக் காட்டிலேயே (உப்பங்கழிச் சதுப்புக் காடு) பார்க்க வேண்டும் என்று வெகுநாள் ஆசை. வரும் சனிக்கிழமை காலையில் கிளம்பி, மதியத்துக்குள் திரும்பிவிட நினைக்கிறோம்.

போன வருஷம் நான் மட்டும் போனேன். படகு ஓட்டியவர் வாயே திறக்கவில்லை, நாற்பதே நிமிஷத்தில் கரைக்குக் கொண்டுவந்து விட்டார். எது தில்லை, எது சுரபுன்னை என்று கேட்கக்கூட நேரமில்லை. ஆனாலும் ஒன்று கண்ணிலேயே நிற்கிறது. சுரபுன்னையின் விதை மரத்திலேயே முளைவிட்டு, முருங்கைக்காய் மாதிரி நீளமாகத் தொங்குகிறது. விழுந்தால் சேற்றில் குத்திக்கொண்டு அங்கேயே வளருமாம். வேரெல்லாம் சிப்பி. இதையெல்லாம் அம்மாவுக்கு நிதானமாகக் காட்டணும். தில்லையின் பால் கண்ணில் பட்டால் ஆபத்து என்பதால், பக்கத்தில் விவரம் தெரிந்த ஆள் இருந்தால் நிம்மதி.

குறுகலான வாய்க்காலுக்குள் துடுப்புப் படகில்தான் போக முடியும், அதனால் அதுவே வேண்டும். அம்மாவுக்கு மூட்டு வலி, படகில் ஏறி இறங்கப் பிடிமானம் இருக்கிறதா? தண்ணீர் ஏற்றமாக இருக்கும்போது போவது நல்லதா, வற்றும்போதா? அப்புறம், சின்னவாய்க்கால் மணல்திட்டு வரை போய்க் கடலைப் பார்த்துவிட்டு வர அரை நாள் போதுமா?

சமீபத்தில் பெரியவர்களோடு போய்வந்தவர்கள் தயவுசெய்து சொல்லுங்கள். உள்ளூர்க்காரர் யாரையாவது தெரிந்தால் தனிச்செய்தியில் எண் அனுப்புங்கள்.