பழைய டிபிஎஃப் கோப்புல இருக்கிற தமிழை யூனிகோடா மாத்தணும், உதவி பண்ணுங்க

வணக்கம். காவேரிப்பட்டணத்துல மாமாவோட மாங்கா மண்டி. 2003-லிருந்து கணக்கெல்லாம் டிபிஎஃப் (.dbf, பழைய தரவுத்தள வகை) கோப்புகளாவே கிடக்கு. விவசாயிங்க பேர், ஊர், ரகம் எல்லாம் பழைய எழுத்துருவுல. இப்ப எக்செல்லுக்குக் கொண்டுவரணும்.

பைத்தான்ல டிபிஎஃப்ரீட் லைப்ரரி வெச்சுப் படிச்சேன். குறியாக்கம் (எந்த பைட்டுக்கு எந்த எழுத்துங்கிற அட்டவணை) விண்டோஸோட சிபி1252-ன்னு கொடுத்தா பாதியில பிழை அடிச்சு நின்னுடுது; அதுல அஞ்சு பைட்டுக்கு எழுத்தே ஒதுக்கலையாம். லத்தீன்-1-ங்கிற இன்னொரு குறியாக்கம் கொடுத்தா கடைசி வரை ஓடுது. அதை ஓப்பன்-தமிழ் லைப்ரரியோட டாம் (TAM, யூனிகோடுக்கு முந்தைய தமிழ் எழுத்துருக் குறியாக்கம்) மாற்றியில விட்டா, 'பெங்களூரா'ங்கிற ரகப் பேர் அழகா வருது, ஆனா சில பேர்ல நடுவுல எழுத்து காணோம்.

என் சந்தேகம் இதுதான்: மாற்றியோட அட்டவணை சுருள் மேற்கோள் மாதிரி சிபி1252 குறிகளை எதிர்பார்க்குது. லத்தீன்-1 அந்த இடத்துல கண்ணுக்குத் தெரியாத கட்டுப்பாட்டுக் குறியைத் தருது. சரியா?

பிழையான பைட்டை விட்டுத்தள்ளவும் வழி இருக்கு. வேணாம்ங்க, பேர்ல ஒரு எழுத்து விழுந்தாலும் பாக்கி யாருதுன்னு மாமா என்னைத்தான் கேப்பாரு.

அந்த அஞ்சை மட்டும் தனியா கையாண்டு, மீதியை சிபி1252-லயே படிக்கிற மாதிரி யாராச்சும் எழுதியிருக்கீங்களா? நாலு வரி நிரல் போட்டாலும் போதும். பத்து வரி மாதிரி கோப்பு, பேரை மாத்தி, அனுப்புறேன்.