நிலக் கோரிக்கைக்குப் பதிலே இல்லை: முடிவெடுக்கச் சொல்லி கோர்ட்டுக்குப் போகலாமா?

சாட்ஸ்வொர்த்_வாசி:
தென்னாப்பிரிக்காவில் இனவாரியாகக் குடியிருப்பைப் பிரித்த குரூப் ஏரியாஸ் சட்டத்தில், டர்பனின் கேட்டோ மேனரில் எங்கள் தோட்டம் பறிபோனது. அதைத் திரும்பக் கேட்டு, பெரியப்பா 1998 டிசம்பர் 31 கெடுவுக்கு முன்பே நில உரிமை மீட்பு ஆணையத்திடம் கோரிக்கை கொடுத்திருந்தார். இன்றுவரை ஏற்பும் இல்லை, நிராகரிப்பும் இல்லை. பெரியப்பா காலமாகிவிட்டார். கோர்ட் மூலம் முடிவு கேட்க வழி உண்டா?

கோப்பு_எண்:
உண்டு. 2000-இன் நிர்வாக நீதிச் சட்டத்தில், முடிவெடுக்காமல் இருப்பதே வழக்குக்குக் காரணம்: பிரிவு 6(2)(ஜி). கெடு எதுவும் சட்டத்தில் இல்லாத இடத்தில், தாமதம் நியாயமற்றது என்று 6(3)(ஏ)-இன் கீழ் காட்ட வேண்டும். பிரிவு 8(2)-இன்படி கோர்ட் "முடிவெடு" என்று உத்தரவிடலாம். அந்த உத்தரவு நிலத்தை வாங்கித் தராது, முடிவைத்தான் வாங்கித் தரும். பலர் இங்கேதான் ஏமாறுகிறார்கள்.

முதலில், தகவல் பெறும் சட்டத்தின் படிவம் 2-இல் ஆணையத்திடம் கோப்பின் முழு நகலைக் கேளுங்கள். பதிலுக்கு 30 நாள். நில உரிமை மீட்புச் சட்டத்தின் பிரிவு 11(1)-இன்படி உங்கள் கோரிக்கை பற்றிய அறிவிப்பு கெஸட்டில் (அரசிதழில்) வந்ததா என்று கட்டாயம் பாருங்கள். வராவிட்டால் விசாரணை தொடக்கப் படியிலேயே நிற்கிறது.

பிறகு ஆணையத்துக்குக் கெடு வைத்து ஒரு கடிதம். கோப்பு எண், பழைய மனை எண், இதுவரை விசாரித்த தேதிகள், பதில் வரவேண்டிய தேதி எல்லாம் அதில் இருக்கட்டும். 30 நாள் கொடுங்கள். "தயவுசெய்து விரைவுபடுத்தவும்" என்று மட்டும் எழுதினால் அது கோர்ட்டில் நிற்காது. நேரில் கொடுத்து, உங்கள் நகலில் முத்திரையும் தேதியும் வாங்குங்கள்.

பத்திரக்கட்டு:
பெரியப்பா இல்லாததால் வாரிசு யார் என்பதே முதல் தடையாக வரும். மரணச் சான்றிதழ், இறந்தவர் சொத்துகளைக் கவனிக்கும் மாஸ்டர் அலுவலகத்தின் அதிகாரக் கடிதம், குடும்ப மரம் காட்டும் சத்தியக் கடுதாசி மூன்றும் வேண்டும். நம் ஆட்களின் பெயர்தான் பெரிய சிக்கல்: பத்திரத்தில் மூன்சாமி, கோரிக்கையில் முன்சாமி, பிறப்புச் சான்றில் முனுசாமி. மூவரும் ஒருவரே என்று தனியாக ஒரு சத்தியக் கடுதாசி போடுங்கள். பாட்டன் ஒப்பந்தக் கூலியாகக் கப்பலில் வந்தபோது தரப்பட்ட பதிவு எண் கிடைத்தால் அதையும் சேருங்கள்.

வழக்கு நில நீதிமன்றத்தில். 2024 ஏப்ரல் 5 முதல் பழைய நில உரிமைக் கோரல் நீதிமன்றத்தின் இடத்தில் அதுதான் இருக்கிறது. உத்தரவில் கெடு தேதி, குறித்த நாளுக்கு ஒருமுறை சத்தியத்தோடு முன்னேற்ற அறிக்கை, மீறினால் அதே மனுவில் திரும்பி வரும் உரிமை ஆகிய மூன்றையும் கேளுங்கள். வெறும் "முடிவெடு" போதாது என்பதற்கு ம்வெலாசே வழக்கே சாட்சி. பண்ணைத் தொழிலாளர் குத்தகைதாரர்களின் விண்ணப்பங்கள் தேங்கிக் கிடந்தன. கடைசியில் 2019 ஆகஸ்ட் 20 அன்று, அந்த வேலையை நடத்தத் தனி அதிகாரியை நியமித்ததை அரசியல் சாசன நீதிமன்றம் உறுதி செய்தது.

கோப்பு_எண்:
மற்றவர்களுக்கு ஒன்று. கோரிக்கை கொடுக்கும் வாய்ப்பை 2014 ஜூலை 1 முதல் மறுபடி திறந்தபோது கொடுத்த கோரிக்கை என்றால் இந்த வழி இப்போதைக்கு உதவாது. அரசியல் சாசன நீதிமன்றத்தின் 2016 ஜூலை 28 தீர்ப்பு, 1998 கெடுவுக்குள் வந்த பழைய கோரிக்கைகளுக்கே முன்னுரிமை தந்தது. சாட்ஸ்வொர்த் ஐயா, உங்களுடையது பழையது. 1998-இல் கோரிக்கையைப் பெற்றுக்கொண்டதற்கான கடிதம் வீட்டில் இருக்கிறதா பாருங்கள், அதுதான் முதல் இணைப்பு.

சாட்ஸ்வொர்த்_வாசி:
நன்றி அண்ணா. கடிதம் இருக்கிறது, ஆனால் அதில் மனை எண் இல்லை.

பத்திரக்கட்டு:
பீட்டர்மாரிட்ஸ்பர்க் பத்திரப் பதிவகத்தில் பெயரை வைத்துத் தேடலாம். மூன்று எழுத்துமுறையிலும் தேடச் சொல்லுங்கள்.