புதுப்பிப்பு: பழைய அலங்கார வேலைப்பாட்டுப் புத்தகங்கள்

கோயில் வாகனங்களுக்கும் மரக்கதவுகளுக்கும் கொடிவேலை (படரும் செடிக்கொடி அலங்காரம்) வரையும் என் மச்சானுக்காக, பழைய அலங்காரப் படங்கள் உள்ள நூல்கள் எவை என்று முன்பு கேட்டிருந்தேன். பதில் தந்த எல்லோருக்கும் நன்றி. நிலவரம் இதுதான்.

பலர் சொன்ன, ஆங்கிலேய வடிவமைப்பாளர் ஓவன் ஜோன்ஸின் 1856ஆம் ஆண்டு நூல் (The Grammar of Ornament) இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. 100 வண்ணத் தகடுகள், அதாவது முழுப்பக்கப் படங்கள். எகிப்து, கிரேக்கம், பாரசீகம் என்று நாடு நாடாகப் போகிறது. இந்தியப் பகுதி பெரும்பாலும் 1851 லண்டன் கண்காட்சிக்கு வந்த துணிகளையும் உலோகப் பாத்திரங்களையும் பார்த்து வரைந்தது. கோயில் வேலைப்பாட்டுக்கு அதில் இடம் மிகக் குறைவு. அது எனக்கு ஏமாற்றம்தான். ஆனால் கடைசி அத்தியாயம் அருமை: வெறும் இலையும் பூவும், தண்டிலிருந்து கிளை பிரியும் இடம் தெளிவாகத் தெரியும்படி. மச்சான் அதை விட்டு எழும்பவே இல்லை.

எங்களுக்கு நிஜமாகக் கைகொடுத்தது கலை வரலாற்றாளர் ஆனந்த குமாரசுவாமி 1908இல் வெளியிட்ட மத்தியகாலச் சிங்களக் கலை பற்றிய நூல். கண்டிக் கைவினைஞர்களின் அன்னம், கொடி, தாமரை எல்லாம் கோட்டுப்படமாக இருக்கின்றன. வண்ணம் இல்லாததால் உளிக்கு நேராக மாற்றலாம். நம்ம ஊர்த் தேர்ச்சட்டங்களில் பார்க்கும் கொடிக்கு இவை தூரத்துச் சொந்தம் போலத்தான் தெரிகின்றன.

திருகோணமலையில் அச்செடுக்கப் போகிறவர்களுக்கு ஒன்று: ஜோன்ஸ் தகடுகளை ஏ4இல் எடுக்காதீர்கள், நுணுக்கம் அப்பிவிடும். ஏ3 என்று கேளுங்கள். குமாரசுவாமியின் படங்களுக்குச் சாதாரண கறுப்பு வெள்ளைப் பிரதியே போதும்.