பெரிய சில்லுதான் வேகத்தைத் தந்ததா? பிரித்தானிய விரைவு எஞ்சின்களும் நமது மலைப்பாதையும்

கொட்டகலை ஆசிரியர் எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். நான் உயர்தர வகுப்பு மாணவர்களுக்குப் பௌதிகவியல் கற்பிக்கிறேன். விசை, வலு, சுழற்சி இயக்கம் ஆகிய பாடங்களுக்குப் புகையிரத எஞ்சினையே உதாரணமாக எடுப்பது வழக்கம். ஹட்டனுக்கும் தலவாக்கலைக்கும் இடையில் கோச்சியின் ஓசையோடு வளரும் பிள்ளைகளுக்கு அதைவிட நெருக்கமான உதாரணம் கிடைப்பதில்லை.

சில்லு பெரிதாக இருந்தால் எஞ்சின் வேகமாக ஓடும் என்பது மாணவர்கள் பலரும் உடனே சொல்லும் விடை. ஆனால் வரலாற்றைப் பார்த்தால் அது பொருந்தவில்லை. 1870இல் இங்கிலாந்தின் டொன்காஸ்டரில் உருவான, பொறியியலாளர் ஸ்டேர்லிங்கின் விரைவு எஞ்சினில் ஒரே ஒரு சோடி இயக்கச் சில்லுகள் இருந்தன. அவற்றின் விட்டம் 8 அடி 1 அங்குலம். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வந்த விரைவு எஞ்சின்களிலோ பெரும்பாலும் 6 அடி 8 அங்குல அளவையே காண்கிறோம். சில்லு சிறுத்தது, சோடிகளின் எண்ணிக்கை கூடியது, ஆனாலும் புகையிரதங்கள் பாரமாகவும் விரைவாகவும் ஓடின. நமது மலைப்பாதையில் ஏறிய எஞ்சின்களும் பெரும்பாலும் பிரித்தானியத் தொழிற்சாலைகளில் இருந்தே வந்தவை, ஆனால் அவற்றின் சில்லுகள் இன்னும் சிறியவை.

அப்படியானால் வேகத்தைத் தீர்மானித்தது எது? அந்தக் காலப்பகுதியின் திருப்புமுனை என்று ஓர் எஞ்சினைச் சொல்ல வேண்டுமானால் எதைச் சொல்வீர்கள்? 1904இல் மணிக்கு 100 மைலைத் தாண்டியதாகக் கூறப்படும் 'சிட்டி ஒஃப் ட்ரூரோ' தானா?

நாவலப்பிட்டி வாசகர் எழுதியது:

வணக்கம் ஆசிரியரே. முதலில் சில்லுக்கு விடை சொல்கிறேன். வேகத்தின் மற்றப் பாதியை என்னைவிட நன்றாக அறிந்தவர்கள் இங்கே இருக்கிறார்கள்.

நீராவி எஞ்சினில் பிஸ்டனுக்கும் சில்லுக்கும் இடையில் பற்சக்கர மாற்றி கிடையாது. பிஸ்டன் ஒரு முறை போய்த் திரும்பினால் சில்லு ஒரு சுற்றுச் சுற்றும், அவ்வளவுதான். எனவே சில்லின் விட்டம் ஒன்றே அந்த எஞ்சினின் மாறாத 'கியர்' ஆகிவிடுகிறது. 6 அடி 8 அங்குலச் சில்லு மணிக்கு 60 மைல் வேகத்தில் நிமிடத்துக்கு 252 தடவை சுற்றும். நாலரை அடிச் சில்லாக இருந்தால் அதே வேகத்துக்கு 373 தடவை சுற்ற வேண்டும். பத்தொன்பதாம் நூற்றாண்டின் மசகெண்ணெய்க்கும், அச்சுகள் சுழலும் தாங்கிகளுக்கும் (bearings), முன்பின்னாக ஆடும் பாரமான கம்பிகளைச் சமநிலைப்படுத்தும் அறிவுக்கும் அந்தச் சுற்றுவேகம் அச்சம் தருவதாக இருந்தது. ஆகவே சுற்றுகளைக் குறைப்பதற்காகச் சில்லைப் பெருக்கினார்கள். உருக்கும் எண்ணெயும் இயந்திர வேலையும் மேம்பட்டபோது அந்த அச்சம் விலகியது, சில்லும் சிறுத்தது.

சோடிகள் கூடியதற்குக் காரணம் பிடிமானம். உலர்ந்த தண்டவாளத்தில், இயக்கச் சில்லுகள் மீது அழுத்தும் பாரத்தின் ஏறக்குறைய கால்பங்கு அளவுக்கே இழுவிசையை நம்பிக்கையோடு பயன்படுத்தலாம். அதற்கு மேல் போனால் சில்லு வழுக்கும். 1890களுக்குப் பின் உணவுப் பெட்டிகளும் நடைபாதை இணைந்த பெட்டிகளும் பரவலாகி, புகையிரதங்களின் பாரம் வேகமாகக் கூடியது. ஒரு சோடியின் பிடிமானம் போதாமற்போய் இரண்டு சோடிகளும், பிறகு மூன்று சோடிகளும் வந்தன.

பேராதனைப் பக்கம் எழுதியது:

மேலே சொல்லப்பட்ட கணக்கு சரியானது. ஆசிரியரின் இரண்டாவது கேள்விக்குச் சற்று விரிவாக விடை எழுத விரும்புகிறேன், ஏனெனில் இந்தக் காலப்பகுதியைப் பற்றிப் பேசும்போது பலரும் ஒரு நாளின் வேகப் பதிவோடு நின்றுவிடுகிறார்கள்.

1904 மே 9ஆம் திகதி, பிளிமத்தில் இருந்து கடல்வழி அஞ்சல்களை ஏற்றிவந்த புகையிரதத்தை 'சிட்டி ஒஃப் ட்ரூரோ' வெலிங்டன் இறக்கத்தில் இழுத்துவந்தது. வண்டிக்குள் இருந்த சார்ள்ஸ் ரவுஸ்-மார்ட்டின் கால் மைல் கற்களைக் கடிகாரத்தால் அளந்து, ஒரு கால் மைலுக்கு 8.8 செக்கன் என்று குறித்தார். அது மணிக்கு 102.3 மைல் ஆகிறது. செக்கனின் ஐந்தில் ஒரு பங்குத் தவறுகூட அந்த எண்ணை இரண்டு மைலுக்கு மேல் மாற்றிவிடும் என்பதால் அது 100ஐத் தாண்டியதா என்ற விவாதம் இன்றுவரை நீடிக்கிறது. அது ஓர் இறக்கம், சுமையும் குறைவு. அழகான எஞ்சின் என்பதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. ஆனால் திருப்புமுனை என்று அதைச் சொல்லமாட்டேன்.

திருப்புமுனை, அந்த எஞ்சினுக்கு உரிய அதே கிரேட் வெஸ்டர்ன் கம்பனியின் சுவிண்டன் தொழிற்சாலையில் ஜோர்ஜ் ஜாக்சன் சேர்ச்வார்ட் பொறுமையாகச் செய்துகொண்டிருந்த வேலையில் இருக்கிறது. அவர் தமக்கு வகுத்துக்கொண்ட இலக்கு உச்ச வேகம் அன்று: மணிக்கு 70 மைலில் ஓடும்போதும் பெட்டிகளை 2 தொன் விசையோடு இழுக்க வேண்டும் என்பதே அந்த இலக்கு. அதைக் குதிரை வலுவாக மாற்றினால் சுமார் 835 வரும். எஞ்சின் விரையும்போது ஒரு செக்கனுக்குள் நான்கைந்து தடவை நீராவி உள்ளே புகுந்து, விரிந்து, வெளியேறிவிட வேண்டும். கொதிகலனில் எவ்வளவு அமுக்கம் இருந்தாலும், சிலிண்டருக்குள் நீராவியை விடும் வால்வு ஒடுக்கமாகத் திறந்தால் பயனில்லை. மேட்டில் உள்ள தாங்கி நிறைந்திருந்தும் லயத்துக் குழாயில் நூலாக நீர் வடிவதைப் போன்ற நிலைதான் அது.

அதனால் சேர்ச்வார்ட் வால்வின் நகர்வு நீளத்தைக் கூட்டினார், நீராவி வழிகளை அகலமாகவும் நேராகவும் அமைத்தார். பிஸ்டன் தன் பயணத்தின் கால்பங்கைக் கடப்பதற்குள் நீராவியை நிறுத்திவிட்டு, மீதித் தூரத்துக்கு உள்ளே இருக்கும் நீராவியின் விரிவையே பயன்படுத்தலாம் என்ற நிலை அப்போது கைகூடியது. பிரான்சில் டி கிளென் முறைக் கூட்டு எஞ்சின்கள் சிறப்பாக ஓடுகின்றன என்று அறிந்ததும், 1903இல் 'லா ஃபிரான்ஸ்' என்ற எஞ்சினையே விலைக்கு வாங்கித் தமது தண்டவாளத்தில் ஓட்டிப் பார்த்தார். பிறநாட்டு வேலையை இத்தனை திறந்த மனத்தோடு சோதித்துப் பார்த்த தலைமைப் பொறியியலாளர்கள் அந்நாளைய பிரித்தானியாவில் மிகக் குறைவு. அவரிடம் நான் மிகவும் மதிப்பது இந்தப் பண்பைத்தான். நீராவியை இரு கட்டங்களாகப் பயன்படுத்தும் கூட்டு முறையை அவர் ஏற்கவில்லை. நான்கு சிலிண்டர் அமைப்பின் சீரான ஓட்டத்தை மட்டும் எடுத்துக்கொண்டார். 1906இல் 'நோர்த் ஸ்டார்', 1907 முதல் அதைத் தொடர்ந்து 'ஸ்டார்' வகை 4-6-0 எஞ்சின்கள் (முன்னே பாரம் தாங்கும் 4 சில்லுகள், நடுவில் 6 இயக்கச் சில்லுகள், பின்னே எதுவும் இல்லை) என்று அந்த வழி வளர்ந்தது. சதுர அங்குலத்துக்கு 225 இறாத்தல் அமுக்கம் அன்று மிக உயர்ந்த அளவு.

இதற்கு இணையாக வந்தது ஜேர்மனியரான வில்ஹெல்ம் ஷ்மிட்டின் சூப்பர்ஹீட்டர். கொதிகலனில் இருந்து நேரே வரும் நீராவி ஏறக்குறைய 190 முதல் 200 பாகை செல்சியசில் இருக்கும். சிலிண்டர்ச் சுவரைத் தொட்டதும் அதன் ஒரு பகுதி நீராக மாறி வீணாகும். அதைப் புகைக்குழாய்களுக்குள் மீண்டும் சூடேற்றி 300 பாகைக்கு மேல் கொண்டுபோனால் அந்த இழப்பு நீங்குகிறது. 1909இல் பிரைற்றன் கம்பனியின் சூப்பர்ஹீட்டர் பொருத்திய I3 வகைத் தாங்கி எஞ்சின் (நீர்த்தாங்கியைத் தன் உடலிலேயே கொண்டது), இலண்டன் அன்ட் நோர்த் வெஸ்டர்ன் கம்பனியின் 'பிரிகேர்சர்' வகை எஞ்சினோடு மாறிமாறி ஓடியபோது, கிழக்குக் குரோய்டனில் இருந்து ரக்பி வரை சுமார் 90 மைலை இடையில் நீர் எடுக்காமலே கடந்தது. அதன் தாங்கி கொண்டது 2,110 கலன் மட்டுமே. மறுவருடமே நோர்த் வெஸ்டர்ன் கம்பனி சூப்பர்ஹீட்டர் பூட்டிய 'ஜோர்ஜ் த ஃபிஃப்த்' வகையை வெளியிட்டது.

மாணவர்களுக்குக் காட்ட மிகச் சிறந்த உதாரணம் கிரேட் நோர்தன் கம்பனியின் பொறியியலாளர் ஐவட்டின் பெரிய 'அட்லாண்டிக்' (4-4-2) எஞ்சின்கள்தான் என்பது என் எண்ணம். 1902இல் அகன்ற நெருப்பறையோடு வந்த அவை முதலில் எதிர்பார்த்த அளவு சிறக்கவில்லை. பின்னர் அவருக்கு அடுத்து வந்த கிரெஸ்லியின் காலத்தில் பெரிய சூப்பர்ஹீட்டர்களும் பிஸ்டன் வால்வுகளும் பெற்ற பிறகு அவற்றின் ஆற்றலே வேறாயிற்று. 1936இல் அவற்றில் ஒன்று, பழுதான எஞ்சினுக்குப் பதிலாகக் கிரந்தமில் பூட்டப்பட்டு, 17 பெட்டிகளோடு யோர்க் வரை சென்று சேர்ந்தது. சில்லு அதே 6 அடி 8 அங்குலம்தான்.

ஹாலிஎல இரயில் நேயர் எழுதியது:

சேர்ச்வார்ட் மீது எனக்கும் பெருமதிப்பு உண்டு. ஆனாலும் இரண்டைச் சேர்க்காவிட்டால் இந்த விவாதம் ஒருபக்கமாகிவிடும்.

கூட்டு முறை பிரித்தானியாவில் தோற்றது என்று மாணவர்கள் எண்ணிவிடக் கூடாது. மிட்லண்ட் கம்பனியில் 1902இல் ஜோன்சன் தொடங்கிய மூன்று சிலிண்டர்க் கூட்டு எஞ்சின்களில், உள்ளே உள்ள ஒரு சிலிண்டரில் உயர் அமுக்கத்தில் வேலை செய்த நீராவியே வெளியில் உள்ள இரண்டிலும் மறுபடி பயன்பட்டது. அவை 7 அடிச் சில்லு கொண்ட 4-4-0 எஞ்சின்கள். பிரித்தானியப் புகையிரதக் கம்பனிகள் நான்கு பெரிய கம்பனிகளாக இணைக்கப்பட்ட 1923க்குப் பிறகும் அந்த வகையில் 195 எஞ்சின்கள் புதிதாகக் கட்டப்பட்டன; பயனற்ற ஒன்றை யாரும் அத்தனை கட்டமாட்டார்கள்.

மற்றது தண்டவாளமும் பாலமும். 1908இல் சேர்ச்வார்ட்டே பிரித்தானியாவின் முதல் பசிபிக் (4-6-2) எஞ்சினான 'த கிரேட் பெயார்' (The Great Bear) ஐக் கட்டினார். அச்சுப் பாரம் மிகுதியாக இருந்ததால் அது பெரும்பாலும் பாடிங்டன்–பிரிஸ்டல் பாதைக்குள்ளேயே கட்டுப்பட்டது. 1924இல் அதை மாற்றி, 'ஸ்டார்' வகையின் வளர்ச்சியான 'காசில்' வகையாக்கிவிட்டார்கள். எஞ்சின் எவ்வளவு பெரிதாகலாம் என்பதைப் பாதைப் பொறியியலாளரும் சேர்ந்தே தீர்மானித்தார்.

பேராதனைப் பக்கம் எழுதியது:

ஹாலிஎல நேயர் சொன்னது முக்கியமானது. அதோடு 1925ஆம் ஆண்டின் ஒப்பீட்டு ஓட்டத்தையும் சேர்க்கலாம். கிரேட் வெஸ்டர்ன் கம்பனியின், அளவில் சிறிய 'பெண்டெனிஸ் காசில்' இலண்டன் கிங்ஸ் குரோஸ் பாதையில் கிரெஸ்லியின் பசிபிக் எஞ்சின்களைவிடக் குறைந்த கரியில் ஓடிக் காட்டியது. கிரெஸ்லியின் எஞ்சின்களுக்குக் கொதிகலனில் குறை இல்லை; நான்கரை அங்குலத்தைச் சற்றே தாண்டிய வால்வு நகர்வே குறையாக இருந்தது. அது ஐந்தே முக்கால் அங்குலமாக்கப்பட்ட பிறகு கரிச் செலவு வெகுவாக இறங்கியது. 1928 மே மாதம் முதல் இலண்டனில் இருந்து எடின்பரோ வரை 632 கிலோமீற்றரை அவை நிறுத்தாமல் ஓடியதற்கு இந்த மாற்றம் பெருந்துணை.

கொட்டகலை ஆசிரியர் எழுதியது:

நீங்கள் அனைவரும் நேரம் ஒதுக்கி எழுதியதற்கு மனமார்ந்த நன்றி. ஒரே ஒரு கேள்வி எஞ்சியிருக்கிறது. ஒரு 'ஸ்டார்' எஞ்சினை நமது அகலப் பாதைக்கு ஏற்ப அச்சு மாற்றி, நாவலப்பிட்டியில் இருந்து பட்டிப்பொல வரை ஓட்டினால் என்ன நடக்கும்? இழுக்க முடியாமல் நின்றுவிடுமா?

நாவலப்பிட்டி வாசகர் எழுதியது:

விசைக் குறைவால் அது நிற்காது என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். கணக்கைப் பாருங்கள். நமது பாதையின் கடும் ஏற்றம் 44 அடிக்கு ஓர் அடி. எஞ்சினும் பெட்டிகளும் சேர்ந்து 300 தொன் என்று கொண்டால், ஏற்றத்தை வெல்ல மட்டும் 6.8 தொன் விசை வேண்டும். உருளல் தடையும் வளைவின் தடையும் அதற்கு மேல். 'ஸ்டார்' வகையின் தொடக்க இழுவிசை 12 தொன்னுக்கு மேல். எனவே இழுத்துவிடும். இங்கிலாந்தின் புகழ்பெற்ற ஷாப் ஏற்றம் 75 அடிக்கு ஓர் அடி வீதம் நான்கு மைல்தான் என்பதை ஒப்பிட்டால், நாவலப்பிட்டிக்கு மேலே வேலை செய்த சாரதிகளும் கரி அள்ளிப் போட்டவர்களும் மணிக்கணக்கில் தாங்கிய உழைப்பு எத்தகையது என்று விளங்கும்.

வலுவையும் பாருங்கள். 6.8 தொன் விசையோடு மணிக்கு 20 கிலோமீற்றர் வேகத்தில் ஏறச் சுமார் 500 குதிரை வலு போதும். சேர்ச்வார்ட்டின் இலக்கைவிட இது குறைவு, ஆனால் விசையோ மூன்று மடங்குக்கு மேல். அந்த வேகத்தில் 'ஸ்டார்' எஞ்சினின் சில்லு நிமிடத்துக்கு 52 தடவைதான் சுற்றும். விரைந்து ஓடுவதற்காகச் செதுக்கப்பட்ட அந்த வால்வுகளுக்கு அங்கே பெரிய பயன் இல்லை.

உண்மையான தடை வளைவு. 'ஸ்டார்' எஞ்சினின் முதல் இயக்க அச்சுக்கும் மூன்றாவது அச்சுக்கும் இடையில் வளையாத 14 அடி 9 அங்குலம் இருக்கிறது. நமது பாதையிலோ 100 மீற்றர் ஆரையுடைய வளைவுகள் அடுத்தடுத்து வருகின்றன. சில்லின் விளிம்பு தண்டவாளத்தை அரைத்துக்கொண்டே போகும், அல்லது ஏறி விலகும். ஓர் அச்சுக்கு 18 தொன்னுக்கு மேற்பட்ட பாரத்தையும் அந்நாளைய பாலங்கள் தாங்க வேண்டும். சிறிய சில்லு என்றால் அச்சுகளை நெருக்கி வைக்கலாம், வளைவில் திரும்பலாம், அதே சிலிண்டருக்குக் கூடிய விசையும் கிடைக்கும். மலைப்பாதைக்குச் சிறிய சில்லு வந்த காரணம் இது.

1927இல் மான்செஸ்டரின் பேயர் பீகொக் (Beyer Peacock) தொழிற்சாலையில் இருந்து இலங்கைக்கு வந்த கரட் எஞ்சின் இதே சிக்கலை வேறு வழியில் தீர்த்தது. ஒரு கொதிகலனை நடுவில் தாங்கி, முன்னும் பின்னும் தனித்தனியே திரும்பும் இரண்டு சில்லுத் தொகுதிகள், 2-6-2+2-6-2 என்ற அமைப்பு. ஆறு இயக்க அச்சுகளில் பாரம் பகிரப்படுகிறது, ஆனால் எந்தத் தொகுதியும் நீளமானது அன்று. அதே வகையில் மேலும் எட்டு எஞ்சின்கள் 1945இல் வந்தன. உங்கள் மாணவர்கள் 'ஸ்டார்' எஞ்சினையும் கரட்டையும் பக்கத்துப் பக்கமாக வரைந்து, ஒவ்வோர் அச்சின் மீதும் விழும் பாரத்தையும் வளையாத நீளத்தையும் குறித்தால், 100 மீற்றர் வளைவில் எது திரும்பும் என்பதை அளவுகோலைக் கொண்டே கண்டுபிடித்துவிடலாம்.