விஜய் சேதுபதியை முதன்முதல் எங்க கண்டனீங்கள்?

உப்புவெளியான்:
நேற்றுப் பின்னேரம் திருகோணமலை டச் பே கடற்கரையில கச்சான் கொறிச்சுக்கொண்டு இருக்கேக்க வந்த கதை இது. ஐஞ்சு பேர் இருந்தம். ஐஞ்சு பேரும் "நான் 'புதுப்பேட்டை' படத்திலேயே ஆளைக் கண்டுபிடிச்சிட்டன்" எண்டாங்கள். பச்சைப் பொய்! 2006இல தனுஷின்ர கும்பலுக்குள்ள நிண்டவரை ஆர் கவனிச்சது? உண்மையைச் சொல்லுங்கோ பாப்பம்.

நான் முதல்ல சொல்லுறன். அப்ப எனக்கு டிவிடிக் கடை. 2010 மார்கழியில வந்த 'தென்மேற்குப் பருவக்காற்று' மூண்டு கொப்பி வச்சன். தேனிப் பக்கத்து வெயில், ஆடு மேய்க்கிற பொடியன், பேர் தெரியாத ஹீரோ. "சண்டைப்படம் ஒண்டும் இல்லையா அண்ணா?" எண்டு கேட்டுட்டுப் போயிடுவாங்கள். அடுத்த வருசம் அதுக்குத் தேசிய விருது கிடைச்சுது, அம்மாவா நடிச்ச சரண்யாவுக்கும் கிடைச்சுது. அப்பவும் "சரண்யா படம்" எண்டுதான் கேட்டு வந்தவை. 2012இல 'பீட்சா' வந்தாப் பிறகு அதே மூண்டு கொப்பிக்கும் அடிபாடு. ஒண்டு திரும்பி வரவே இல்லை. கொண்டுபோனவர் இதை வாசிச்சால், பரவாயில்லை, வச்சிருங்கோ.

கிண்ணியாப் பிள்ளை:
எங்கட கிண்ணியாப் பாலம் திறந்த வருசம்தான் 'வெண்ணிலா கபடிக்குழு'வும் வந்தது, 2009. தம்பிமார் கபடிப் பைத்தியம். அந்தப் படத்தைப் பத்துத் தரமாவது ஓட விட்டிருப்பாங்க. நாலு வருசத்துக்குப் பிறகு டிவியில போகக்குள்ள சின்னவன் கத்துறான், "எதிர் டீமில நிக்கிறது அவர்தான்!" வாப்பா நம்பவே இல்ல. "பத்துத் தரம் பார்த்த கண்ணுக்கு அப்ப என்னடா வந்த?" எண்டு கேட்டாங்க.

இரவு பஸ்காரன்:
திருமலையில இருந்து கொழும்பு போற பஸ்ஸில 'நடுவுல கொஞ்சம் பக்கத்த காணோம்'. கந்தளாய் தாண்டேக்க போட்டாங்கள். பக்கத்து சீட்டில வயசான சிங்கள ஐயா, தமிழ் ஒரு சொல் விளங்காது. கல்யாணத்துக்கு நிக்கிற மாப்பிள்ளை ஒரே கதையைத் திரும்பத் திரும்பச் சொல்லச் சொல்ல அவருக்குச் சிரிப்பு அடக்கேலாமல் போச்சு. ஹபரணையில தேத்தண்ணிக்கு நிப்பாட்ட, பாதிப் பேர் இறங்கேல்ல. கொண்டக்டருக்குத்தான் கோவம், அவற்ற சாப்பாடு அந்தக் கடையிலதானே.

மூதூர் மச்சான்:
நான் படத்தில இல்லை, ஒரு பேட்டியிலதான் ஆளைக் கண்டனான். துபாயில கணக்கெழுதினவர் எண்டு கேட்டதும் நிமிர்ந்து இருந்தன். நானும் அப்ப தோகாவில கணக்குத்தான். திரும்பி வந்து சென்னையில கூத்துப்பட்டறை எண்ட நாடகக்குழுவில சேர்ந்தாலும் அங்கயும் கணக்குவேலைதானாம். நடிப்பு ஆசையோட போனவனுக்குக் கையில பேரேட்டைக் குடுத்தால் எப்பிடி இருக்கும்? ஆனா அங்க இருந்தபடியால்தானே நடிக்கிறவங்களைப் பக்கத்தில நிண்டு பாத்திருக்கிறார். முதல் ஹீரோ வேசம் கிடைக்கேக்க வயசு 32. அதே வயசில நான் ஊருக்கு வந்து பலசரக்குக் கடை போட்டன். இப்பவும் கணக்குத்தான் எழுதுறன், கடன்கொப்பியில.

ஒண்டு மட்டும் சொல்லோணும். 2020இல கிரிக்கெட் வீரர் முரளிதரனின்ர வாழ்க்கைப் படத்தில நடிக்கப் போறார் எண்ட கதை வந்த நேரம், முரளி அரசாங்கப் பக்கம் கதைக்கிறவர் எண்ட கோவத்தில எங்கட வீட்டில ஒருத்தரும் அவற்ற படம் பாக்கேல்ல. ஒக்டோபரில விலகினாப் பிறகுதான் '96' படத்தைத் திரும்பப் போட்டம்.

உப்புவெளியான்:
மச்சான், அந்தக் கோவம் எங்களுக்கும் இருந்தது. அம்மாவின்ர கோவம் அதிலும் பழசு. 2012இல ஒரு பக்கம் ஹீரோவா வந்துகொண்டே 'சுந்தரபாண்டியன்'ல சசிகுமாருக்கு வில்லனாவும் வந்தாரே, அம்மா முதல்ல கண்டது அதிலதான். போன வருசம் அவற்ற ஐம்பதாவது படம் 'மகாராஜா'வைப் போட்டுக் காட்டினன். மகளுக்காக அந்த மனுசன் படுற பாட்டைப் பார்த்து முந்தானை நனைய அழுதா. முடிஞ்சதும் மூக்கைத் துடைச்சுக்கொண்டு கேக்கிறா: "தம்பி, இவன் அந்தச் சசிகுமாரோட கூட இருந்து குழி பறிச்சவன் எல்லோ?"