எச்1பி நீட்டிப்பு நிலுவையில் இருக்கும்போது டெக்சாஸ் ஓட்டுநர் உரிமத்தைப் புதுப்பிப்பது எப்படி?

வைகைக்கரை எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். நாங்கள் டெக்சாஸ் மாநிலத்தில் ஆஸ்டினுக்கு வடக்கே வசிக்கிறோம். நான் எச்1பி என்ற வேலை விசாவிலும், என் மனைவி எச்1பி ஊழியரின் குடும்பத்தினருக்கான எச்4 விசாவிலும் இருக்கிறோம். எங்கள் இருவரின் ஓட்டுநர் உரிமங்களும் ‘லிமிடெட் டெர்ம்’ வகையைச் சேர்ந்தவை. இந்த நாட்டில் தங்க அனுமதிக்கப்பட்ட காலத்தைக் காட்டும் ஐ-94 பதிவு எந்த நாளில் முடிகிறதோ அதே நாளில் அவையும் காலாவதியாகின்றன. அதற்கு இன்னும் இரண்டரை மாதங்களே உள்ளன. என் நிறுவனத்தின் வழக்கறிஞர் எனக்கான ஐ-129 நீட்டிப்பு மனுவையும், அதனுடன் சேர்த்து என் மனைவிக்கான ஐ-539 (தங்கும் கால நீட்டிப்பு), ஐ-765 (வேலை அனுமதி) மனுக்களையும் சாதாரண முறையில் தாக்கல் செய்திருக்கிறார். மூன்றுக்கும் ரசீது அறிவிப்புகள் வந்துவிட்டன. ஒப்புதல் எப்போது வரும் என்று யாராலும் சொல்ல முடியவில்லை.

என் முதல் கேள்வி, இந்த ரசீது அறிவிப்புகளைக் கொண்டே உரிமத்தைப் புதுப்பிக்க முடியுமா என்பது. ஆன்லைனில் புதுப்பிக்கும் வசதி எங்களைப் போன்றவர்களுக்கு இல்லாததால், உரிமம் வழங்கும் மாநிலத் துறையான டிபிஎஸ் அலுவலகத்துக்கு நேரில்தான் செல்ல வேண்டும். ஒப்புதல் வரும்வரை காத்திருந்து போவதா, அல்லது இப்போதே போவதா என்று தெரியவில்லை.

இரண்டாவது, என் மனைவியின் பெயர் தொடர்பானது. அவருடைய பழைய பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயர் என்ற இடம் காலியாக இருந்தது. அதனால் விசா, ஐ-94, சோஷியல் செக்யூரிட்டி அட்டை, ஓட்டுநர் உரிமம் எல்லாவற்றிலும் ‘எஃப்என்யு’ (முதற்பெயர் தெரியாது) என்பதே முதற்பெயராகப் பதிவாகியிருக்கிறது. அண்மையில் பாஸ்போர்ட்டைப் புதுப்பித்தபோது, அவருடைய தந்தையின் பெயரைக் குடும்பப் பெயராகச் சேர்த்துவிட்டோம். இப்போது புதிய பாஸ்போர்ட்டில் ஒரு பெயரும் மற்ற எல்லா ஆவணங்களிலும் இன்னொரு பெயருமாக இருக்கிறது. உரிமத்தைப் புதுப்பிக்கும்போதே பெயரையும் மாற்றிக்கொள்ளலாமா?

மூன்றாவதாக, இடையில் சில வாரங்கள் உரிமம் இல்லாமல் போனால், செல்லுபடியாகும் இந்திய உரிமத்தை வைத்துக்கொண்டு ஓட்டலாம் என்று அலுவலக நண்பர் ஒருவர் சொன்னார். அது சரியா? குழந்தைகளைப் பள்ளிக்கு அழைத்துச் செல்வதும், என் மனைவி வேலைக்குச் செல்வதும் காரை நம்பியே இருப்பதால் இதைக் கேட்கிறேன்.

செங்காந்தள் எழுதியது:

வைகைக்கரை அவர்களுக்கு வணக்கம். உங்கள் மூன்றாவது கேள்விக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன், ஏனெனில் அதில்தான் ஆபத்து அதிகம். வேறு நாட்டு உரிமத்தைக் கொண்டு ஓட்டும் அனுமதி, டெக்சாஸில் புதிதாகக் குடியேறியவர்களுக்கு 90 நாள்களுக்கு மட்டுமே உரியது. பல ஆண்டுகளாக இங்கே வசிக்கும் உங்களுக்கு அது பொருந்தாது. சர்வதேச ஓட்டுநர் அனுமதியும் உங்கள் நாட்டு உரிமத்தின் மொழிபெயர்ப்பே தவிர, தனி உரிமம் அல்ல. உரிமமின்றி ஓட்டி விபத்து நேர்ந்தால் காப்பீட்டு நிறுவனத்துடனும் சிக்கல் எழக்கூடும். அப்படிப்பட்ட நிலையில் ஒரு நாள்கூட ஓட்ட வேண்டாம் என்று அழுத்தமாகக் கேட்டுக்கொள்கிறேன்.

இனி முதல் கேள்வி. ஓட்டுநர் உரிமங்களுக்கான கூட்டாட்சித் தரங்களை வகுக்கும் 2005ஆம் ஆண்டின் ரியல் ஐடி சட்டம், தற்காலிகமாக இங்கே தங்கியிருப்பவர்களுக்கு வழங்கும் உரிமம் அவர்களுடைய அனுமதிக்கப்பட்ட தங்கும் காலத்தைத் தாண்டக் கூடாது என்றும், அந்தக் காலம் நீட்டிக்கப்பட்டதற்கு உரிய ஆவணச் சான்றைக் காட்டினால் மட்டுமே அதைப் புதுப்பிக்கலாம் என்றும் சொல்கிறது. நீங்கள் மனு செய்திருக்கிறீர்கள் என்பதற்குத்தான் ரசீது அறிவிப்பு சான்று. காலம் நீட்டிக்கப்பட்டுவிட்டது என்பதற்கு அது சான்று அல்ல. ஆனால் எச்1பி ஊழியரின் நீட்டிப்பு மனுவை அதே நிறுவனம் உரிய காலத்துக்குள் தாக்கல் செய்திருந்தால், ஐ-94 முடிந்த பிறகும் 240 நாள்கள் வரை அவர் வேலையைத் தொடரலாம் என்று கூட்டாட்சி விதி அனுமதிக்கிறது. சில மாநிலங்கள் இதை ஏற்றுக்கொண்டு ரசீதின் பேரில் குறுகிய கால உரிமம் தருகின்றன. சில மாநிலங்கள் ஒப்புதல் அறிவிப்பைப் பார்க்காமல் எதுவும் செய்வதில்லை. சட்டபூர்வ இருப்பைச் சரிபார்க்க எந்த விசாப் பிரிவினர் எந்த ஆவணத்தைக் காட்ட வேண்டும் என்ற விரிவான வழிகாட்டியை டெக்சாஸ் டிபிஎஸ் தன் இணையதளத்தில் வைத்திருக்கிறது. அதில் எச்1பி, எச்4 ஆகிய இரண்டுக்கும் உரிய பகுதிகளைத் தனித்தனியாகப் படித்து, அச்செடுத்துக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். கவுன்ட்டரில் இருப்பவர் தினமும் பல வகை ஆவணங்களைப் பார்ப்பவர். அவருடைய துறையின் பக்கத்தையே காட்டிப் பேசுவது இரு தரப்புக்கும் எளிது.

எச்4 பகுதியைத் தனியாகப் படிக்கச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. அந்த 240 நாள் விதி வேலை செய்யும் அனுமதியைப் பற்றியது. ஆகவே கணவருக்குப் பொருந்துவது மனைவிக்கும் தானாகப் பொருந்திவிடாது. கணவரின் உரிமம் புதுப்பிக்கப்பட்டு, மனைவியின் உரிமம் மட்டும் காலாவதியான குடும்பங்களை நான் அறிவேன். மேலும், 2025 அக்டோபர் 30 அன்றோ அதற்குப் பிறகோ தாக்கல் செய்யப்பட்ட ஈஏடி என்ற வேலை அனுமதி அட்டையின் புதுப்பிப்பு மனுக்களுக்குத் தானியங்கி நீட்டிப்பு இல்லை என்பதால், உங்கள் மனைவிக்கு உரிமம், வேலை ஆகிய இரண்டுமே ஒரே நாளில் கேள்விக்குள்ளாகின்றன.

ஆகவே, உங்கள் நிறுவனத்திடம் இன்றே பேசி, நிலுவையில் உள்ள ஐ-129 மனுவைப் கூடுதல் கட்டணத்தில் விரைவாகப் பரிசீலிக்கும் பிரீமியம் ப்ராசஸிங்குக்கு மாற்ற முடியுமா என்று கேளுங்கள். ஐ-907 படிவத்தையும் கட்டணத்தையும் இடையிலும் அனுப்பலாம். 15 வேலை நாள்களுக்குள் ஏதேனும் ஒரு நடவடிக்கை வந்துவிடும். எச்4 மனுவுக்குப் பிரீமியம் கிடையாது. எனினும் எச்1பி மனு முடிவாகாமல் எச்4 மனு முடிவாகாது என்பதால், முதல் தடையாவது விலகும். எதற்கும் அவசரப்பட்டு ஒப்புதல் வருவதற்கு முன்பே டிபிஎஸ் சென்று பழைய ஐ-94ஐக் காட்டிப் புதுப்பித்துவிடாதீர்கள். பழைய தேதியே மீண்டும் அச்சாகி வரும். 33 டாலர் கட்டணம்தான் வீணாகும். எட்டு ஆண்டுகளுக்கு உரிமம் பெறுபவரும் சில மாதங்களுக்குப் பெறுபவரும் அதே தொகையைச் செலுத்துவது நியாயமில்லை என்பது என் கருத்து.

முன்பதிவை மட்டும் இப்போதே செய்துவிடுங்கள். டெக்சாஸில் ஆறு மாதங்களுக்கு முன்பே பதிவு செய்ய முடியும். பெருநகரங்களைச் சுற்றியுள்ள அலுவலகங்களில் அருகிலுள்ள தேதிகள் எளிதில் கிடைப்பதில்லை. காலாவதி நாளுக்குச் சற்று முன்பாக ஒரு தேதியை இருவருக்கும் தனித்தனியாக எடுத்துக்கொண்டு, ஒப்புதல் முன்னதாக வந்தால் மாற்றிக்கொள்ளலாம்.

நெடுவழி எழுதியது:

செங்காந்தள் அவர்கள் சொன்னவற்றோடு முழுமையாக உடன்படுகிறேன். உரிமத்தின் தேதியைத் தீர்மானிப்பது பாஸ்போர்ட்டில் ஒட்டியுள்ள விசாவின் தேதி அல்ல, ஐ-94 தான் என்பதை நம்மில் பலர் கவனிப்பதில்லை. எல்லைப் பாதுகாப்புத் துறையான சிபிபியின் இணையதளத்திலிருந்து உங்கள் ஐ-94ஐ இறக்கி, கையில் உள்ள ஐ-797ஏ ஒப்புதல் அறிவிப்பின் அடிப்பகுதியில் இருக்கும் ஐ-94உடன் ஒப்பிட்டுப் பாருங்கள். கடைசியாக ஒப்புதல் வந்த பிறகு நீங்கள் ஊருக்குச் சென்று திரும்பியிருந்தால், விமான நிலையத்தில் கொடுத்த புதிய ஐ-94 தான் நடைமுறையில் உள்ளது. பாஸ்போர்ட் விரைவில் முடிவதாக இருந்தால், மனு மூன்றாண்டுகளுக்கு ஒப்புதல் பெற்றிருந்தும், பாஸ்போர்ட் முடியும் நாளோடு ஐ-94ஐ நிறுத்திவிடுவார்கள். இதை அறியாமல் டிபிஎஸ் அலுவலகத்துக்குப் போய், எதிர்பார்த்ததைவிட ஓராண்டு குறைவான தேதியோடு உரிமம் பெற்றுத் திகைப்பவர்கள் உண்டு. உரிமத்தின் தேதி குறைந்ததைவிட, தங்கும் காலமே குறைந்துவிட்டது என்பதுதான் அங்கே கவலைப்பட வேண்டிய செய்தி.

அலுவலகத்தில் நடப்பது இதுதான். அவர்கள் உங்கள் விவரங்களை குடிவரவுத் துறையான யுஎஸ்சிஐஎஸ் நடத்தும் ‘சேவ்’ என்ற சரிபார்ப்பு அமைப்புக்கு அனுப்புகிறார்கள். பெயர், பிறந்த நாள், ஐ-94 எண் போன்றவை பொருந்தினால் சில நொடிகளில் பதில் வந்துவிடும். பொருந்தாவிட்டால், அது மனிதர் பார்த்துத் தீர்க்க வேண்டிய கூடுதல் சரிபார்ப்புக்குப் போகும். அதற்குப் பல வேலை நாள்கள் ஆகலாம். அப்படி நேர்ந்தால் அந்தச் சரிபார்ப்பு எண்ணைக் கேட்டு வாங்கிக்கொண்டு வாருங்கள். ‘சேவ் கேஸ்செக்’ என்ற இணையப் பக்கத்தில் பிறந்த நாளையும் அந்த எண்ணையும் இட்டு, பதில் அனுப்பப்பட்டுவிட்டதா என்று நீங்களே பார்க்கலாம். பதில் போய்ச் சேர்ந்த பிறகும் உரிமம் வரவில்லை என்றால், தாமதம் மாநில அலுவலகத்தில்தான் என்பது உறுதியாகிவிடும். அங்கே நேரடியாகக் கேட்கலாம்.

முல்லைநிலம் எழுதியது:

பெயர் பற்றிய கேள்விக்கு நான் பதில் சொல்கிறேன். நம் ஊரில் தலைப்பெழுத்தோடு ஒரே பெயர் வைத்துக்கொள்பவர்கள் அனைவரும் இந்த நாட்டில் சந்திக்கும் சிக்கல் இது. பாஸ்போர்ட்டில் ஒரே பெயர் இருந்தால், விசாவில் அதைக் குடும்பப் பெயராக வைத்து, முதற்பெயர் தெரியாது என்ற பொருளில் ‘எஃப்என்யு’ என்று இட்டுவிடுகிறார்கள். அதன்பிறகு வங்கி, மருத்துவமனை, பள்ளி என்று எல்லா இடங்களிலும் அந்த மூன்றெழுத்தே நம் பெயராகிவிடுகிறது. அதை மாற்ற நினைத்த உங்கள் முடிவு மிகச் சரியானது. ஆனால் மாற்றம் ஒரு குறிப்பிட்ட வரிசையில்தான் நடக்க வேண்டும், அந்த வரிசையின் கடைசியில்தான் ஓட்டுநர் உரிமம் வருகிறது.

பாஸ்போர்ட்டில் பெயர் மாறிவிட்டது. அடுத்து மாற வேண்டியது குடிவரவுப் பதிவு, அதாவது எச்4 ஒப்புதலுடன் வரும் ஐ-94. நிலுவையில் உள்ள ஐ-539 மனுவில் எந்தப் பெயர் தரப்பட்டிருக்கிறது என்று வழக்கறிஞரிடம் உடனே கேளுங்கள். பழைய பெயரில் தாக்கல் செய்திருந்தால், புதிய பாஸ்போர்ட்டின் நகலை அனுப்பித் திருத்தம் கோர முடியுமா என்று அவர் பார்க்க வேண்டும். புதிய பெயரில் ஐ-797ஏ வந்த பிறகு சோஷியல் செக்யூரிட்டி அலுவலகத்துக்குச் செல்லலாம். குடியுரிமை இல்லாதவர்களுக்கு அவர்கள் குடிவரவு ஆவணத்தில் உள்ள பெயரையே அட்டையில் பதிவதால், புதிய பாஸ்போர்ட்டை மட்டும் காட்டி அங்கே முன்கூட்டியே மாற்ற முடியாது. டிபிஎஸ் அலுவலகமோ குடிவரவுப் பதிவு, சோஷியல் செக்யூரிட்டிப் பதிவு ஆகிய இரண்டையும் சரிபார்க்கிறது. இரண்டும் பழைய பெயரில் இருக்கும்போது உரிமத்தில் மட்டும் புதிய பெயரைக் கேட்டால், நெடுவழி அவர்கள் சொன்ன கூடுதல் சரிபார்ப்பில் போய்ச் சிக்கிக்கொள்ளும் வாய்ப்பே அதிகம்.

எனவே, ஒப்புதல் பழைய பெயரிலேயே வந்தால், இந்த முறை உரிமத்தைப் பழைய பெயரிலேயே புதுப்பித்துக்கொண்டு, பழைய பாஸ்போர்ட், புதிய பாஸ்போர்ட் இரண்டையும் எடுத்துச் செல்லுங்கள். ‘எஃப்என்யு’ இன்னும் சில காலம் தொடர்வது எரிச்சலாக இருந்தாலும், கார் ஓட்ட முடியாமல் நிற்பதைவிட அது மேல். மூல ஆவணங்கள் சரியான பிறகு, மாற்று உரிமத்துக்கு விண்ணப்பித்துப் பெயரை நிதானமாகத் திருத்திக்கொள்ளலாம்.

வைகைக்கரை எழுதியது:

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. வழக்கறிஞரிடம் கேட்டதில், ஐ-539 புதிய பெயரில்தான் தாக்கல் செய்யப்பட்டிருக்கிறது. பிரீமியம் பற்றி நிறுவனத்துக்கும் எழுதிவிட்டேன். இன்னும் இரண்டு ஐயங்கள். நியூ ஜெர்சியில் இருக்கும் உறவினர் ஒருவர், அங்கே விசா நிலையைக் காட்டாமலே சாதாரண உரிமம் தருவதாகவும், தன் முகவரியைக் கொடுத்து அங்கே எடுத்துக்கொள்ளலாம் என்றும் அன்போடு சொல்கிறார். மேலும், காலாவதி நாளை ஒட்டி நாங்கள் உள்நாட்டு விமானப் பயணம் ஒன்று வைத்திருக்கிறோம்.

நெடுவழி எழுதியது:

உங்கள் உறவினர் சொல்வதில் பாதி உண்மை. நியூ ஜெர்சி, நியூயார்க், கலிஃபோர்னியா போன்ற மாநிலங்கள் குடிவரவு நிலைக்குச் சான்று கேட்காமல் ரியல் ஐடி அல்லாத உரிமத்தை வழங்கச் சட்டம் இயற்றியிருக்கின்றன. அங்கே வசிக்கும் விசாதாரர்களுக்கு அது பெரிய நிம்மதி. டெக்சாஸில் அந்த வழி இல்லை. ஆனால் நீங்கள் நியூ ஜெர்சியில் வசிக்காதபோது அந்த முகவரியைக் கொடுப்பது பொய்யான தகவல் அளிப்பதாகும். நாளை கிரீன் கார்டு, குடியுரிமை என்று போகும்போது ஒவ்வொரு முகவரியும் கேட்கப்படும். சில வாரத் தேவைக்காக அப்படி ஒரு பதிவை உருவாக்கிக்கொள்ளவே வேண்டாம்.

விமானப் பயணத்துக்கு அஞ்ச வேண்டியதில்லை. 2025 மே 7 முதல் ரியல் ஐடி விதி விமான நிலையங்களில் நடைமுறையில் இருந்தாலும், செல்லுபடியாகும் இந்தியப் பாஸ்போர்ட்டை விமான நிலையப் பாதுகாப்புத் துறையான டிஎஸ்ஏ ஏற்றுக்கொள்கிறது. டிபிஎஸ் கொடுக்கும் தற்காலிகக் காகித உரிமத்தை அங்கே ஏற்கமாட்டார்கள் என்பதால், இருவரும் பாஸ்போர்ட்டை எடுத்துச் செல்லுங்கள். உங்கள் மனைவியின் பயணச்சீட்டு எந்தப் பெயரில் இருக்கிறது என்று பார்த்து, புதிய பாஸ்போர்ட்டில் உள்ள பெயருக்கு இப்போதே மாற்றிவிடுங்கள்.

செங்காந்தள் எழுதியது:

ஐ-539 புதிய பெயரில் இருப்பது நல்ல செய்தி. அப்படியானால் உங்கள் மனைவி ஒப்புதல் வந்ததும் முதலில் சோஷியல் செக்யூரிட்டி அலுவலகத்துக்கும், அந்தப் பதிவு மாறிய பிறகு டிபிஎஸ் அலுவலகத்துக்கும் செல்லட்டும். அவருடைய முன்பதிவு உங்களுடையதைவிடச் சில நாள்கள் தள்ளியே இருக்கட்டும். ஒப்புதல் தாமதமாகி உரிமம் காலாவதியாகிவிட்டாலும், டெக்சாஸில் இரண்டு ஆண்டுகள் வரை மீண்டும் தேர்வு எழுதாமல் புதுப்பிக்கலாம். அந்த இடைவெளியில் ஓட்டக்கூடாது என்பது மட்டுமே இழப்பு. பள்ளிப் பேருந்துக்கான விண்ணப்பத்தை இந்த வாரமே கொடுத்து வையுங்கள், தேவைப்படாவிட்டால் விலக்கிக்கொள்ளலாம். அலுவலகத்தில் கண் பரிசோதனை, புகைப்படம், கட்டை விரல் ரேகை எல்லாம் முடிந்து தற்காலிகக் காகிதத்தைக் கையில் தரும்போது, கவுன்ட்டரை விட்டு நகர்வதற்கு முன்பே பெயரின் எழுத்துகளையும் முடியும் தேதியையும் ஐ-797ஏ அறிவிப்போடு வைத்துச் சரிபார்த்துக்கொள்ளுங்கள்.