டபிள்யூ. ஜி. கிரேஸ் டாக்டர் தொழிலை எப்போதுதான் பார்த்தார்?

பவுண்டரிக்கோடு:
19-ஆம் நூற்றாண்டு இங்கிலாந்தின் கிரிக்கெட் வீரர் கிரேஸைப் பற்றிக் கட்டுரை எழுதுகிறேன். எங்கு பார்த்தாலும் 'டாக்டர் கிரேஸ்' என்றே வருகிறது. ஆனால் கோடை முழுக்க ஆள் மைதானத்தில்தான் இருக்கிறார். அவர் படித்தது என்ன? 1868-இல் மருத்துவம் படிக்கச் சேர்ந்தவர் 1879-இல்தான் முடித்தார் என்கிறார்கள், ஏன் இத்தனை வருஷம்? நோயாளிகளை யார் பார்த்தது? சம்பளம் வாங்காத அமெச்சூர் என்றால் குடும்பம் எப்படி ஓடியது? இன்னொன்று, முதல்தர சதங்கள் 126-ஆ, 124-ஆ?

பழைய ஸ்கோர்புத்தகம்:
முதலில் படிப்பு. தயவுசெய்து எம்.டி. என்று எழுதிவிடாதீர்கள். அவர் பல்கலைக்கழகப் பட்டம் வாங்கியவரல்ல. எடின்பரோவின் எல்.ஆர்.சி.பி., இங்கிலாந்தின் எம்.ஆர்.சி.எஸ். இரண்டும்தான் அவர் தகுதி. இரண்டும் மருத்துவர்களின் கழகங்கள் தந்த தகுதிகள்: முன்னது பொது மருத்துவத்துக்கு, பின்னது அறுவை சிகிச்சைக்கு. 1858 மருத்துவச் சட்டப்படி டாக்டர்கள் பதிவேட்டில் பெயர் சேர்க்க இவை தாராளமாகப் போதும். அன்றைய குடும்ப டாக்டர்களில் பலர் இப்படி வந்தவர்கள்தான்.

பிரிஸ்டல் மருத்துவப் பள்ளியில் சேரும்போது வயது 20. பிறகு லண்டனில் செயின்ட் பார்தலோமியு, வெஸ்ட்மின்ஸ்டர் மருத்துவமனைகள். இடையில் 1871 டிசம்பரில் அப்பா ஹென்றி மில்ஸ் கிரேஸ் காலமானார், அவரும் டாக்டர். 1873-இல் கல்யாணம், கையோடு ஆஸ்திரேலியப் பயணம். ஒவ்வொரு கோடையிலும் பாடம் நின்று போகும். 1876 ஆகஸ்டைப் பாருங்கள்: கேன்டர்பரியில் கென்டுக்கு எதிராக பாலோ ஆன் வாங்கிய நிலையில் (முதல் இன்னிங்ஸில் மிகவும் பின்தங்கியதால் உடனே மறுபடி ஆட வேண்டிய நிலை) 344, அடுத்து நாட்டிங்காம்ஷயருடன் 177, செல்டன்ஹாமில் யார்க்ஷயருடன் ஆட்டமிழக்காமல் 318. 8 நாளில் 839 ரன். அப்போது அவர் இன்னும் மாணவர்! 1879 நவம்பரில் தேறியபோது வயது 31.

ஈஸ்டன்வாசி:
தொழிலைப் பற்றி நான் சொல்கிறேன். பிரிஸ்டலில் ஈஸ்டன் பகுதி, ஸ்டேப்பிள்டன் ரோடு, 61-ஆம் எண். உழைப்பாளிகள் நெருக்கமாக வாழ்ந்த இடம், பணக்காரப் பேட்டை அல்ல. சொந்த நோயாளிகள் போக, பார்ட்டன் ரீஜிஸ் யூனியன் என்ற ஏழைகள் நிவாரண அமைப்பின் மருத்துவ அதிகாரிப் பதவி, அதாவது ஏழைகள் விடுதியில் இருப்பவர்களைப் பார்க்கும் பொறுப்பு. அம்மை குத்தும் வேலையும் அவரிடமே. இல்லாதவர் வீட்டுக்குப் போனால் பில் வராது என்று அந்த வட்டாரத்தில் பெயர். பெயருக்கு ஒரு பலகை மாட்டிக்கொண்டிருந்தவர் என்று சிலர் எழுதுவது அநியாயம்.

கோடையில் அவருக்குப் பதிலாக டாக்டர்கள் அமர்த்தப்படுவார்கள், ஒரு பருவத்துக்கு இரண்டு பேர். அந்தச் செலவுக்கு அவர் ஆடிய குளோஸ்டர்ஷயர் கிளப்பிலிருந்து பணம் வந்தது. அமெச்சூருக்குச் சம்பளம் தரக்கூடாது, செலவைத் தரலாம், விதி அவ்வளவுதான். உங்கள் பணக் கேள்விக்கான விடையும் இதற்குள்ளேயே இருக்கிறது. 1873-74 ஆஸ்திரேலியப் பயணத்தில் தொழில்முறை ஆட்டக்காரர்களுக்குத் தலைக்கு 170 பவுண்டு, 'அமெச்சூர்' கிரேஸுக்கு 1,500 பவுண்டும் செலவும். 1879-இல் லண்டன் லார்ட்ஸ் மைதானத்தில் அவருக்காக நன்கொடை திரட்டிக் கொடுத்த தொகை 1,458 பவுண்டு. அதை வைத்து அவருக்கு ஒரு மருத்துவத் தொழிலை வாங்கித் தருவதாகத்தான் முதலில் திட்டம். பிறகு, அவரே பார்த்துக்கொள்வார் என்று பணத்தைக் கையில் கொடுத்துவிட்டார்கள். 1895-இல் இதேபோல் நன்கொடையாகத் திரண்டது 9,000 பவுண்டுக்கு மேல்.

1899 வாக்கில் நிர்வாக எல்லைகளை மாற்றியமைத்ததில் அந்த மருத்துவ அதிகாரிப் பதவி போயிற்று. லண்டனின் கிரிஸ்டல் பேலஸில் லண்டன் கவுன்டி என்ற கிரிக்கெட் கிளப்பை நடத்த வருஷம் 600 பவுண்டுக்கு அழைப்பு வந்தது, பிரிஸ்டலை விட்டுப் போனார்.

பவுண்டரிக்கோடு:
மைதானத்திலேயே ஒருவர் உயிரைக் காப்பாற்றினாராமே, அது நடந்ததா, கதையா?

பழைய ஸ்கோர்புத்தகம்:
நடந்ததுதான். 1887, மான்செஸ்டரின் ஓல்ட் டிராபோர்டு மைதானம், லங்காஷயருடன் ஆட்டம். பந்தைத் துரத்திப் போன சக ஆட்டக்காரர் ஏ. சி. எம். குரூம் எல்லையோர இரும்பு வேலியில் மோத, கம்பி முனை கழுத்தில் ஏறிவிட்டது. தைக்க ஊசி கிடைக்கவில்லை, ஆள் அனுப்ப வேண்டியிருந்தது. அது வரும்வரை, கிட்டத்தட்ட அரை மணி நேரம், காயத்தின் இரு விளிம்பையும் விரல்களால் சேர்த்துப் பிடித்தபடி கிரேஸ் இருந்தார். கழுத்துக் காயத்தில் பிடி நழுவினால் ரத்தப்போக்கை அடக்குவது கடினம், கை நடுங்கவே கூடாது. அதுவும் களத்தில் ஆடிக்கொண்டிருந்த கை! குரூம் பிழைத்தார், பிறகும் கிரிக்கெட் ஆடினார்.

எண்கணக்கர்:
சதக் கணக்குக்கு வருகிறேன். இரண்டு எண்ணும் புழக்கத்தில் உண்டு. 1870-களின் சில ஆட்டங்களை முதல்தரமாக, அதாவது மேல்மட்ட ஆட்டங்களாக, கொள்வதா என்பதில் புள்ளியியலாளர்கள் ஒத்துப்போகவில்லை. பழைய பட்டியல்: 54,896 ரன், 126 சதம், 2,876 விக்கெட். திருத்திய பட்டியல்: 54,211, 124, 2,809. ஒன்றிலிருந்து ரன்னும் மற்றதிலிருந்து சதமும் எடுத்துக் கலப்பதுதான் வழக்கமாக நடக்கும் தவறு. கவனிக்க வேண்டிய இடம் 1895. சோமர்செட்டுக்கு எதிராக பிரிஸ்டலில் அடித்த 288 அவரது 100-ஆவது சதம் என்று நாடே கொண்டாடியது, வயது 46. திருத்திய பட்டியலில் அது 98-ஆவது. ஆகவே '100-ஆவது சதம்' என்று எழுதினால் மொத்தம் 126 என்றே போடுங்கள்.

இன்னொன்று: 1880 ஓவல் டெஸ்டில் அவர் அடித்த 152, இங்கிலாந்துக்காக அடிக்கப்பட்ட முதல் டெஸ்ட் சதம். டெஸ்ட் வரலாற்றின் முதல் சதம் 1877-இல் மெல்போர்னில் ஆஸ்திரேலியாவின் சார்லஸ் பேனர்மேன் அடித்தது. இதைப் பலர் குழப்புகிறார்கள்.